ஒளித்திரையில் தத்துவம்: டென்வர் நிலையத்தில் ஹேஸல் பார்ன்ஸ்

சென்ற அத்தியாயத்தில் அமெரிக்க நாட்டுக் கல்வித் தொலைக்காட்சி பிறந்த வரலாற்றைக் கூறினோம். 1952-ஆம் ஆண்டில் அந்நாட்டுத் தகவல்தொடர்பு ஆணையம் 242 அலைவரிசைகளைக் கல்விக்கென்றே ஒதுக்கிவைத்ததும், மறு ஆண்டு மே மாதத்தில் ஹூஸ்டன் நகரத்து நிலையம் அவ்வகையில் முதலாவதாக ஒளிபரப்பைத் தொடங்கியதும், விளம்பர வருமானம் சிறிதுமின்றி ஃபோர்டு அறக்கட்டளையின் பொருளுதவியைப் பெரிதும் சார்ந்து இந்நிலையங்கள் பெருகியதும் வாசகர்களுக்கு நினைவிருக்கும். அவற்றில் பௌதிகமும் கணிதமும் அந்நிய பாஷைகளும் கற்பிக்கப்பட்டமை வியப்புக்குரியதன்று. ஆனால், நான் எதற்காக வாழ்கிறேன், என் செயல்களுக்குப் பொறுப்பாளி யார், மரணம் நிச்சயமாயிருக்க வாழ்வுக்கு அர்த்தம் எங்கிருந்து வருகிறது என்ற வினாக்களை, பல்கலைக்கழகத்தின் வாசலையே மிதித்தறியாத குடும்பங்களின் கூடத்துக்குக் கொண்டுசென்று, பத்துப் பகுதிகளாக அவற்றை நிதானமாக விசாரணை செய்த ஒரு காரியமும் அதே நிலையங்களின் வழியேதான் நடந்தேறியது. அதைச் செய்தவர் ஹேஸல் பார்ன்ஸ் என்னும் பெண்மணி. அந்தத் தொடருக்கு அவர் இட்ட பெயர் ‘ஸெல்ஃப் என்கவுன்டர்’. தன்னைத்தானே எதிர்கொள்ளுதல் என்று நாம் சொல்லலாம்.

அது தயாரான 1961-ஆம் ஆண்டு அமெரிக்கத் தொலைக்காட்சிக்கு ஒரு சோதனை ஆண்டாகவே அமைந்தது. அந்நாட்டு இல்லங்களுள் ஏறத்தாழப் பத்தில் ஒன்பதில் அந்தப் பெட்டி குடிபுகுந்துவிட்ட காலம் அது. அவ்வாண்டு மே மாதம் 9-ஆம் தேதி, ஜனாதிபதி கென்னடி நியமித்த தகவல்தொடர்பு ஆணையத் தலைவரான நியூட்டன் மினோ, ஒளிபரப்பாளர்களின் மாநாட்டிலேயே எழுந்து நின்று, காலை முதல் நள்ளிரவு வரை உங்கள் நிலையத்தின் முன் அமர்ந்து பாருங்கள், அங்கே பரந்ததொரு பாழ்நிலத்தையே காண்பீர்கள் என்ற கருத்தில் பேசி, அத்தொழிலின் பெரியோர்களைத் திடுக்கிடச் செய்தார். துப்பாக்கிச் சண்டைகளும் பரிசுப் போட்டிகளும் சோப்பு விளம்பரங்களும் மலிந்த அந்நிலத்தின் ஓரத்தில், ராக்கி மலைத்தொடரின் அடிவாரத்து டென்வர் நகரில், கே.ஆர்.எம்.ஏ. என்ற சிறு நிலையம் இயங்கிக்கொண்டிருந்தது. 1956 ஜனவரி 30-ஆம் தேதி ஒளிபரப்பைத் தொடங்கிய அந்நிலையத்தின் உரிமையாளர் எந்தச் செல்வந்தரும் அல்லர். டென்வர் நகரத்துப் பொதுப் பள்ளி நிர்வாகமே அதை நடத்தியது. எமிலி கிரிஃபித் என்ற ஆசிரியை 1916-ல் உழைக்கும் மக்களுக்காகத் தோற்றுவித்த தொழிற்கல்விப் பள்ளிதான் அதற்கு இடம் கொடுத்தது. வயது முதிர்ந்தோரும் குடியேறியவர்களும் கைத்தொழிலையும் எழுத்தறிவையும் தேடி வந்த ஒரு பள்ளியோடு இந்த முயற்சியின் வேர் பிணைந்திருந்தது என்பதை நாம் வெறும் தற்செயலாக ஒதுக்கிவிட விரும்பவில்லை. கற்க விழையும் எவருக்கும் கல்வி உண்டு என்ற எண்ணம் ஊறிய நிலத்தில்தான் இப்படிப்பட்ட தொடர் முளைத்திருக்க முடியும்.

பார்ன்ஸ் 1915 டிசம்பரில் பென்ஸில்வேனியா மாநிலத்து வில்க்ஸ்-பாரி என்ற ஊரில், கண்டிப்பான மதாசாரமுள்ள மெதடிஸ்டுக் குடும்பமொன்றில் பிறந்தவர். வில்ஸன் கல்லூரி என்ற பெண்கள் கல்லூரியில் பட்டம் பெற்று, 1941-ல் யேல் பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் எய்தினார். அவர் பயின்றது தத்துவம் அன்று. கிரேக்க லத்தீன் இலக்கியங்களே அவருடைய துறை. புளோட்டினஸ் என்ற பண்டைத் தத்துவஞானியின் நூல்களில் அவர் ஆழ்ந்திருந்தார். உலகப் போர் முடிந்ததும் ஆதென்ஸ் நகரில் பெண்கள் பயிலும் அமெரிக்கக் கல்வி நிலையமொன்றில் ஆசிரியையாகச் சென்று, உள்நாட்டுப் போரின் தீ பரவிக்கொண்டிருந்த கிரேக்க நாட்டிலே சில ஆண்டுகள் கழித்தார். தாயகம் திரும்பிய பின், 1953-ல் போல்டர் நகரிலுள்ள கொலராடோப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். 1986-ல் ஓய்வு பெறும்வரை அதுவே அவருடைய கர்மபூமி.

புராதன கிரேக்கத்தைப் பயின்ற ஒருவர் நவீன பிரெஞ்சுச் சிந்தனைக்கு எவ்வாறு வந்தார் என்று கேட்பவர்கள், அந்தச் சிந்தனையாளர்களே கிரேக்கத்துக்குச் சென்றிருந்தார்கள் என்பதை மறந்துவிடுகிறார்கள். ஜெர்மானியப் படைகளின் ஆதிக்கத்தில் கிடந்த பாரிஸ் நகரில், 1943 ஜூன் மாதத்தில், மேடையேறிய, ழான்-பால் சார்த்தரின் ‘ஈக்கள்’ என்ற நாடகம் ஒரெஸ்டஸின் பழங்கதையையே எடுத்துக்கொண்டது. தந்தையைக் கொன்றவனும் தன் தாயும் கூடி ஆளும் ஆர்கோஸ் நகரத்துக்கு ஒரெஸ்டஸ் வருகிறான். அந்நகரம் பதினைந்து ஆண்டுகளாகக் குற்றவுணர்ச்சியிலேயே மூழ்கி, கறுப்புடை உடுத்து, ஈக்கள் மொய்க்கப் புலம்பிக்கொண்டிருக்கிறது. பச்சாத்தாபமே அங்கு ராஜநீதி. தெய்வங்களின் தலைவனுக்கும் அதுவே உவப்பானது. ஒரெஸ்டஸ் பழிவாங்கிவிட்டு, சகோதரி எலெக்ட்ரா மனம் உடைந்து தெய்வத்தின் காலில் விழுந்த பின்னரும், தான் செய்த செயல் தன்னுடையதே, அதன் பாரமும் தன்னுடையதே என்று ஏற்று, ஈக்களையும் தன்பின்னே அழைத்துக்கொண்டு நகரைவிட்டு வெளியேறுகிறான். பண்டைக் கிரேக்கக் கவி ஈஸ்கிலஸின் நாடகத்தில் தெய்வம் அமைத்த நீதிமன்றம் அவனை விடுவித்தது. சார்த்தரின் நாடகத்தில் அவனை விடுவிக்க எவருமில்லை, விடுதலையை அவன் வேண்டவுமில்லை. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட இருபத்துநான்கு நூற்றாண்டுகளின் தூரத்தை அளந்து உணரக்கூடியவர், இரு கரைகளையும் அறிந்த பார்ன்ஸைப் போன்ற ஒருவரே. பின்னாளில் அவருடைய தொலைக்காட்சித் தொடரில் ஒரு பகுதி நிராசையின் அக்கரை என்று பொருள்படும் தலைப்பைத் தாங்கிநின்றது. அந்தக் கருத்து இந்த நாடகத்திலிருந்து எழுந்ததே.

சார்த்தரின் தலையாய தத்துவ நூலான ‘இருப்பும் இன்மையும்’, அதே 1943-ல், எழுநூறு பக்கங்களுக்கு மேற்பட்ட நூலாக வெளிவந்திருந்தது. பிரெஞ்சு மொழியில் பிறந்து வளர்ந்தவர்களே மூச்சுத் திணறும் நடை அதற்கு. அதனை ஆங்கிலத்தில் ஆக்கும் பணியைப் பார்ன்ஸ் தாமாக முன்வந்து ஏற்றார். 1956-ல் நியூயார்க் நகரத்து ஃபிலசாஃபிகல் லைப்ரரி பதிப்பகம் அதை வெளியிட்டது. நீண்ட முன்னுரையும், சார்த்தர் தமக்கென அமைத்துக்கொண்ட கலைச்சொற்களுக்கு விளக்கப் பட்டியலும் அதில் இருந்தன. 2018-ல் ஸாரா ரிச்மண்டின் புதிய மொழிபெயர்ப்பு வரும்வரை, அறுபது ஆண்டுகளுக்கு மேலாக, ஆங்கிலத்தின் வழியே அந்நூலை முழுமையாக அணுகிய எவரும் பார்ன்ஸின் கரம் பற்றியே சென்றார்கள். பிரெஞ்சு அறியாத தமிழ் வாசகர்களுக்கும் அந்த வாசலைத் திறந்துவைத்தவர் அவரே என்பதை இங்கே நன்றியோடு குறிப்பிடுவது நம் கடமை. 1959-ல் அவருடைய சொந்த நூலான ‘சாத்தியத்தின் இலக்கியம்’ வந்தது. சார்த்தர், காம்யு, சிமோன் த பொவ்வார் ஆகியோரின் நாவல்களையும் நாடகங்களையும் அவர்களுடைய தத்துவத்தோடு இணைத்துப் படித்த ஆராய்ச்சி அது.

சார்த்தர் முதலியோரின் இந்தத் தத்துவத்துக்கு வழங்கும் பெயர் இருத்தலியம். அது என்றால் அமெரிக்க ஜனங்களின் மனத்தில் அந்நாளில் தோன்றிய சித்திரம் பரிதாபகரமானது. பாரிஸ் நகரத்துக் காப்பிக் கடைகளும், கறுப்பு உடையும், சிகரெட்டுப் புகையும், ஒன்றிலும் நம்பிக்கையற்ற இளைஞர் கூட்டமும் அதற்கு அடையாளங்களாகப் பத்திரிகைகளில் சித்திரிக்கப்பட்டிருந்தன. பல்கலைக்கழகத் தத்துவத் துறைகளோ பெரும்பாலும் தர்க்க ஆராய்ச்சியிலும் பாஷையின் பகுப்பாய்விலும் ஈடுபட்டிருந்தமையால், இதனைத் தத்துவமாகவே மதிக்கத் தயங்கின. ஆக, ஒருபுறம் ஜனரஞ்சகமான இழிவும் மறுபுறம் பண்டிதர்களின் அலட்சியமும் நிற்க, இடையே நுழைந்து, இது வாழ்க்கையை வெறுப்பவர்களின் கொள்கையன்று, வாழ்க்கையின் பொறுப்பு முழுவதையும் மனிதனின் தோளில் ஏற்றும் கொள்கை என்று எடுத்துரைக்க ஒருவர் தேவைப்பட்டார்.

டென்வர் நிலையத்தார் பார்ன்ஸை வைத்துத் தயாரித்த தொடர் அதற்கு வாய்ப்பளித்தது. நியூயார்க்கைத் தலைமையிடமாகக் கொண்ட தேசியக் கல்வித் தொலைக்காட்சி நிறுவனத்தின் மூலம் அது 1962-ல் நாடெங்கும் பரவியது. பகுதி ஒன்றுக்கு அரைமணி நேரம். கறுப்பு வெள்ளைப் படம். பார்ன்ஸ் தோன்றி விஷயத்தைத் தொடங்குவார். பின்னர் நடிகர்கள் வந்து சார்த்தர், காம்யு முதலியோரின் படைப்புகளிலிருந்து ஒரு காட்சியை நடித்துக் காட்டுவார்கள். காட்சி முடிந்ததும் பார்ன்ஸ் மீண்டும் வந்து, நாம் இப்பொழுது கண்டதன் உட்பொருள் யாது என்று விசாரிப்பார். முதற் பகுதி, பாய்வதா பாயாதிருப்பதா என்ற வினாவையே தலைப்பாகக் கொண்டிருந்தது. தத்துவஞானி கீர்க்ககார்டு கூறிய விசுவாசப் பாய்ச்சலை, அறிவின் எல்லையில் நின்று இறைவனை நோக்கித் தாவும் அந்தத் துணிவை, நினைவூட்டும் தலைப்பு அது. மதபக்தி மிக்க குடும்பத்தில் வளர்ந்து, பின்னர் அப்பாய்ச்சலை மேற்கொள்ளாதிருக்கத் துணிந்த ஒருவர் இந்த வினாவை முதல் வினாவாக வைத்ததில் ஒரு நேர்மை இருக்கிறது. அதை ஒதுக்கிவிட்டு எளிதான இடத்தில் தொடங்கியிருந்தால், ஞாயிறுதோறும் ஆலயத்துக்குச் செல்லும் அந்த நேயர்களின் நெஞ்சிலே உண்மையில் உறுத்திக்கொண்டிருந்த கேள்வியை அவர் தட்டிக்கழித்தவராகியிருப்பார்.

பல தத்துவங்கள் தொலைக்காட்சிக்கு இசையா. கான்ட்டின் அறிவாராய்ச்சியை நடித்துக் காட்ட இயலாது. ஆனால் இருத்தலியம் தன் பிரமாணங்களை அன்றாட நடத்தையிலிருந்தே எடுத்துக்கொள்வது. ‘இருப்பும் இன்மையும்’ நூலைத் திறந்தால், நான்கு மணிக்கு நண்பன் பியேரைச் சந்திப்பதாகச் சொல்லிவிட்டுக் கால்மணி நேரம் தாமதமாகக் காப்பிக் கடைக்குள் நுழைகிறவன் வருகிறான். கடையில் மேசைகளும் முகங்களும் பேச்சொலியும் நிறைந்திருக்கின்றன. பியேர் மட்டும் இல்லை. அந்த இல்லாமையே கடை முழுவதும் வியாபித்து அவனைத் தாக்குகிறது. இன்மை என்பது மனிதனுடைய எதிர்பார்ப்பின் வழியாகவே உலகுக்குள் புகுகிறது என்ற சூக்ஷ்மமான கருத்தை, காத்திருந்து ஏமாந்த அனுபவமுள்ள எவரும் அந்தக் காட்சியிலிருந்து அறிந்துகொள்ள முடியும். இன்னோரிடத்தில் காப்பிக் கடைப் பரிசாரகன் ஒருவன் வருகிறான். அவனுடைய அசைவுகள் சற்று மிகையான துரிதமும் மிகையான கச்சிதமும் உடையன. பரிசாரகனாக இருப்பதையே அவன் நடித்துக்கொண்டிருக்கிறான். ஒரு கல் கல்லாயிருப்பதுபோல் தானும் பரிசாரகனாகவே இருந்துவிட்டால், வேறு எதுவாகவும் இருக்கக்கூடும் என்ற சுதந்திரத்தின் பயங்கரத்திலிருந்து தப்பிவிடலாம் அல்லவா? இதனைச் சார்த்தர் தன்னைத்தானே வஞ்சித்துக்கொள்ளுதலாகக் காண்கிறார். நான் இப்படிப்பட்டவன், என் சுபாவம் இது, என் குலமும் தொழிலும் என்னை இப்படி ஆக்கிவிட்டன என்று நாம் ஒவ்வொருவரும் நாள்தோறும் சொல்லிக்கொள்ளும் சமாதானங்கள் அனைத்தும் இந்த வஞ்சனையின் வேஷங்களே.

மூன்றாவதாக ஒன்றைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். தொலைக்காட்சி என்னும் சாதனத்தின் உள்ளியல்பையே அது தொடுவதாக நமக்குத் தோன்றுகிறது. பொறாமையால் உந்தப்பட்டு, கதவின் சாவித்துவாரம் வழியே உள்ளே நோக்குகிற ஒருவனைச் சார்த்தர் காட்டுகிறார். நோக்கும்வரையில் அவனுக்குத் தன்னைப் பற்றிய பிரக்ஞையே இல்லை. அவன் முழுவதும் கண்ணாகவே இருக்கிறான். திடீரென்று பின்னே காலடியோசை கேட்கிறது. யாரோ தன்னைப் பார்க்கிறார்கள்! அக்கணமே வெட்கம் பொங்குகிறது; பிறர் காணும் ஒரு பொருளாகத் தான் ஆகிவிட்டதை, ஒளிந்து பார்க்கும் ஒருவனாகத் தான் அகப்பட்டதை உணர்கிறான். தொலைக்காட்சி நேயரும் காண்பவரே அன்றிக் காணப்படுபவர் அல்லர். இருட்டறையில் தம் இல்லத்து நாற்காலியில் அமர்ந்து, பிறருடைய துயரத்தையும் காதலையும் கொலையையும், எவருக்கும் பதில் சொல்லும் கடமையின்றி, மணிக்கணக்காக நோக்கிக்கொண்டிருக்கலாம். அந்தப் பாதுகாப்பே அந்தப் பெட்டியின் பேரின்பம். அப்படிப்பட்ட சாதனத்தில், நேயரை விளித்து, நீர் இப்பொழுது கண்ட வஞ்சகன் யார், கோழை யார், அவர்களில் நீர் எவர் என்று கேட்பது, சாவித்துவாரத்தின் பின்னே காலடியோசை எழுப்புவதற்கு ஒப்பாகும். தன்னை எதிர்கொள்ளுதல் என்ற தலைப்பின் முழு வலிமையும் நமக்கு இங்கேதான் விளங்குகிறது. திரையில் நடப்பது சார்த்தரின் கதையாயிருக்கலாம். விசாரணைக்கு உட்படுபவர் நாற்காலியில் இருப்பவரே.

பார்ன்ஸைச் சார்த்தரின் எதிரொலி என்று மட்டும் எண்ணுவது தவறாகும். சார்த்தர் தம் பெருநூலின் இறுதியில், அறத்தைப் பற்றிப் பிறிதொரு நூல் எழுதுவதாக வாக்களித்தார்; அந்த வாக்கை அவர் வாழ்நாளில் நிறைவேற்றவில்லை. சிமோன் த பொவ்வார் 1947-ல் அத்திசையில் ஒரு நூல் எழுதினார். சார்த்தர் விட்டுச்சென்ற வெற்றிடத்தை நிரப்பப் பார்ன்ஸ் துணிந்தார். 1967-ல் வெளிவந்த ‘இருத்தலிய அறவியல்’ என்ற நூல் அதன் பயன். மனிதன் சுதந்திரன் என்பதோடு நின்றுவிட்டால், அந்தச் சுதந்திரத்தால் கொடுமையையும் தேர்ந்தெடுக்கலாமே என்ற ஆட்சேபம் எழும். என் சுதந்திரத்தை மதிப்பதென்றால், பிறர் சுதந்திரத்தையும் மதிக்கும் பொறுப்பு அதனுள்ளேயே அடங்கியிருக்கவேண்டும் என்று நிறுவ அவர் பாடுபட்டார். தர்க்க ரீதியாக இந்த நிரூபணம் முழுமை பெற்றதா என்பதில் அறிஞர்களிடையே அபிப்பிராய பேதம் உண்டு. நமக்கும் சில ஐயங்கள் உண்டு. ஆயினும், அணுகுண்டுகளைக் குவித்து வைத்துக்கொண்டு இரண்டு வல்லரசுகள் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருந்த காலத்தில், 1962 அக்டோபரில் கியூபா நெருக்கடியால் உலகமே அழிவின் விளிம்பில் நின்ற அதே ஆண்டில், எல்லாம் முடிந்துவிட்டது, இனி ஒன்றும் செய்வதற்கில்லை என்று அயர்வதும் ஒருவகைத் தன்வஞ்சனையே என்ற கருத்துக்கு ஒரு தொலைக்காட்சித் திரையில் இடம் கிடைத்தது பெரிய சேவை என்றே கருதுகிறோம்.

தத்துவத்தை வெகுஜனங்களிடம் கொண்டுசெல்வோர்மீது பண்டிதர்கள் சுமத்தும் குற்றச்சாட்டு பழமையானது: எளிமைப்படுத்தினால் சாரம் போய்விடும் என்பார்கள். சாரம் போகும்படி எளிமைப்படுத்தியவர்கள் இருக்கிறார்கள் என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் பார்ன்ஸ் ‘இருப்பும் இன்மையும்’ நூலை மேலோட்டமாகப் புரட்டியவர் அல்லர். அதன் ஒவ்வொரு வாக்கியத்தையும் வேறொரு பாஷையில் மறுபடி ஆக்கியவர். எங்கே எதைச் சுருக்கலாம், எதைச் சுருக்கினால் பொருள் சிதையும் என்பதை அவரைவிட அறிந்தவர் அன்று அமெரிக்காவில் அரியர். பாமரருக்கு இவ்வளவு போதும் என்ற அனுதாபம் கலந்த அவமதிப்பை அவர் மேற்கொள்ளவில்லை. நேயர் தம்மைப் போன்ற அறிவுடையவர், நேரம் கிடைக்காததால் இந்நூல்களைப் படிக்கவில்லை, அவ்வளவே என்ற மதிப்போடு பேசுபவரின் குரலுக்கும், கீழே நோக்கிப் பேசுபவரின் குரலுக்கும் உள்ள வேற்றுமையைக் கேட்பவர்கள் உடனே உணர்ந்துவிடுவார்கள்.

அந்நாளில் கல்வி நிலையங்களை ஒன்றோடொன்று இணைக்கும் கம்பித் தொடர்பு இல்லை. நிகழ்ச்சியின் பிரதிகள் தபாலில் ஒரு நிலையத்துக்குச் சென்று, அங்கே ஒளிபரப்பப்பட்டு, அடுத்த நிலையத்துக்கு அனுப்பப்படும். எனவே டென்வரில் பிறந்த தொடர், நாடு முழுவதும் ஒரே இரவில் காணப்பட்டதன்று. ஊர் ஊராக யாத்திரை செய்து, வெவ்வேறு மாதங்களில் வெவ்வேறு இல்லங்களை அடைந்தது. ஒளிநாடாவோ அப்பொழுது விலையுயர்ந்த பண்டம். ஒரு நிகழ்ச்சியை அழித்துவிட்டு அதே நாடாவில் மற்றொன்றைப் பதிவதே நிலையங்களின் வழக்கம். அக்காலத்து அரும்பெரும் நிகழ்ச்சிகள் பல இவ்வாறே மறைந்தன. பார்ன்ஸின் பத்துப் பகுதிகளும் அழிந்துவிட்டன என்றே நெடுங்காலம் நம்பப்பட்டது. தேசியக் கல்வித் தொலைக்காட்சியின் இடத்தை 1970-ல் வேறு அமைப்பு எடுத்துக்கொண்டபின், அவற்றைத் தேடுவாரும் இல்லாமற் போயினர். பார்ன்ஸ் 1979-ல் தம் பல்கலைக்கழகத்தில் தலைசிறந்த பேராசிரியர் என்ற உயர் விருதைப் பெற்ற முதற் பெண்மணியானார். 1997-ல் சுயசரிதை எழுதினார். 2008 மார்ச் மாதத்தில், தமது 92-ஆம் வயதில் காலமானார். அதன்பின் சில ஆண்டுகள் கழித்தே, வாஷிங்டன் நகரத்து நாடாளுமன்ற நூலகத்தில் அந்தத் தொடர் பத்திரமாக இருப்பது, அவரைப் பற்றிய ஆர்வத்தால் தேடியவர்களுக்குத் தெரியவந்தது. இப்பொழுது அதை விரும்பியவர்கள் காண முடிகிறது.

இங்கே மற்றொரு செய்தியையும் சேர்த்துச் சொல்வது பொருந்தும். கண்பார்வையை ஏறத்தாழ இழந்துவிட்ட முதுமையில், 1974-75-ல், சார்த்தரும் பொவ்வாரும் இளைய தோழர்கள் இருவரோடு சேர்ந்து, நூற்றாண்டின் வரலாற்றைத் தம் வாழ்வின் வழியே கூறும் தொலைக்காட்சித் தொடர் ஒன்றைப் பிரெஞ்சு அரசின் இரண்டாம் அலைவரிசைக்காகத் திட்டமிட்டார்கள். அதுவும் பத்துப் பகுதிகளாகவே எண்ணப்பட்டது. பல மாத உழைப்புக்குப் பின், பண விவகாரமும் அதிகாரிகளின் தயக்கமும் சேர்ந்து 1975 செப்டம்பரில் அதை முறித்துவிட்டன; ஒரு பகுதிகூட ஒளிபரப்பாகவில்லை. தம் காலத்திலேயே உலகப் பிரசித்தி பெற்ற தத்துவஞானிக்குத் தம் சொந்த நாட்டில் கிட்டாத வாய்ப்பு, அவர் கருத்துக்களுக்கு, பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன்னரே, மலையடிவாரத்துப் பள்ளிக்கூட நிலையமொன்றில், அவரை மொழிபெயர்த்த பெண்மணியின் மூலம் கிட்டியிருந்தது.

பிரெஞ்சு நாடு இவ்விஷயத்தில் முற்றிலும் பின்தங்கியிருந்தது என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். 1965 முதல் அந்நாட்டுப் பள்ளித் தொலைக்காட்சியில் ழான் ஹிப்பொலித், ழார்ழ் கான்கிலெம், மிஷேல் ஃபூக்கோ, பால் ரிக்கோர் முதலிய பெருஞ்சிந்தனையாளர்கள் ஒருவர்பின் ஒருவராக வந்து உரையாடினார்கள். அவர்களுக்கு வினாக்களைத் தொடுத்த இளம் ஆசிரியர் அலென் பாதியூ. தத்துவம் பள்ளிப் பாடமாகவே விளங்கும் ஒரு நாட்டில், ஒளித்திரைக்கு வந்தபோது அது என்ன ஸ்வரூபம் எடுத்தது என்பதை அடுத்த அத்தியாயத்தில் பார்ப்போம்.

(தொடரும்)